மீட்ட காடு மெய்க்காடாகுமா?

காட்டைப் பற்றிக் கட்டுரை எழுதப் புகுவோர் முல்லைத் திணையிலே தொடங்குவது எம்மிடையே வழக்கமாகிவிட்டது. இக்கட்டுரை ஒரு பைன் தோப்பிலே தொடங்குகின்றது. சிங்கராஜ வனத்தின் எல்லையோரச் சரிவுகள் சிலவற்றில் கரீபியன் பைன் மரங்கள் வரிசை பிசகாது நிற்கின்றன. அவை இந்நாட்டு மரங்கள் அல்ல. சேனைப் பயிர்ச்செய்கையாலும் தீயாலும் வளமிழந்து, 'கெக்கில்ல' எனப்படும் பன்னம் மூடிக்கிடந்த நிலத்திலே நடப்பட்டவை. அவற்றுக்கு அப்பால், மரவினங்களில் அறுபது வீதத்துக்கு மேற்பட்டவை இலங்கைக்கே உரியனவாகிய மழைக்காடு தொடங்குகின்றது. இவ்விரண்டுக்கும் இடையிலே ஆய்வாளர் செய்த வேலையொன்று மெய்யியல் மாணவனை ஒரு வினாவிற்கு இட்டுச் செல்கின்றது: அழிந்த காட்டை மனிதன் மீள உண்டாக்குவானாயின், அது இழந்த காட்டுக்கு ஈடாகுமா?

இது வெறும் ஏட்டு வினா அன்று. ஈடாகும் என்றால், சுரங்கம் அகழ்வோரும் அணை கட்டுவோரும் "பின்னர் நட்டுத் தருவோம்" என்ற வாக்குறுதியோடு எக்காட்டையும் வெட்டலாம். ஈடாகாது என்றால், பாழ்பட்ட சரிவிலே நாற்று நடுவோன் செய்வது வீண் வேலையாகும்.

அவுஸ்திரேலிய மெய்யியலாளர் றொபேட் எலியட் 1982ஆம் ஆண்டில் 'இயற்கையைப் போலி செய்தல்' என்னும் பொருள்படும் தலைப்பில் எழுதிய கட்டுரை இவ்வினாவுக்கு நேரான விடை தந்தது. புகழ்பெற்ற ஓவியமொன்றின் பிரதி எத்துணை நுட்பமாக அமைந்தாலும் மூலத்தின் மதிப்பை அது பெறாது; ஒரு பொருளின் மதிப்பு அது காட்சியளிக்கும் விதத்தில் மட்டுமன்றி, அது தோன்றி வந்த வரலாற்றிலும் தங்கியுள்ளது. காடும் அத்தகையதே என்பது அவர் வாதத்தின் சாரம். சுரங்கக்காரருக்கு இறுக்கப்படும் விடை என்ற வகையில் இது வலிமையுடையது. எனினும், ஓவியம் முடிந்த பொருள்; காடு முடியாத செயல். போலி ஓவியத்தின் ஒவ்வொரு கோடும் போலி செய்வோனின் கையால் வந்தது. மீண்டெழும் காட்டிலே மனிதக் கை எவ்வளவு செய்கின்றது? எலியட்டின் உவமை இவ்விடத்து இடறுகின்றது.

சிங்கராஜ வனத்தில் நடந்ததை நோக்குவோம். பேராதனைப் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த சாவித்திரி குணதிலக்க, நிமால் குணதிலக்க ஆகியோரும் யேல் பல்கலைக்கழகத்தின் மார்க் அஷ்டனும் பிறரும் பைன் தோப்பில் செய்த பரிசோதனையின் முடிவுகள் 1997இல் வெளியாயின. சில இடங்களில் பைன் மரங்களை வரிசை வரிசையாக அகற்றி ஒளிபுகும் இடைவெளிகளை ஆக்கினர். அவற்றிலும் மூடிய பைன் நிழலிலும் மழைக்காட்டுக்குரிய பெருமரக் கன்றுகளை நட்டனர். மூடிய நிழலில் அவை தேங்கி நின்றன. மூன்று வரிசை அகற்றிய இடைவெளிகளில் நன்கு வளர்ந்தன. வெறும் வெயிலிலும் பன்னப் புதரிலும் இக்கன்றுகள் பிழைப்பது அரிது. அந்நிய மரமாகிய பைன் இங்கே செவிலித்தாய் ஆயிற்று. பைனை வேண்டாத விருந்தாளி என்று ஏசுவோர் (ஏசுவதற்குப் பிற காரணங்கள் உண்டு) இதையும் கருத்திற் கொள்ளுதல் வேண்டும்.

கன்றுகளைக் கையால் நட்டது ஏன்? சிறுகனிகளின் வித்துக்களைப் பறவையும் வௌவாலும் கொணர்ந்துவிடும். இக்காட்டின் மேல்விதானத்தை ஆளும் ஷோரியா இனங்களோ வேறு வகையின. பல ஆண்டுகளுக்கு ஒருமுறையே அவை பெருவாரியாகக் காய்க்கின்றன. அவற்றின் வித்துக்கு உறங்குநிலை இல்லை. விழுந்து விரைவில் முளைக்காவிடின் மடிந்துவிடும். தாய்மரத்தை விட்டு நெடுந்தூரம் செல்வதுமில்லை. மண்ணுக்குள் சேமித்துவைத்த வித்துக் களஞ்சியம் ஒன்று இம்மரங்களுக்குக் கிடையாது. தாய்மரம் போயின், அவ்விடத்து அதன் வழி அற்றது.

ஆதலின் ஓவியத்தை விட எமக்கு நெருங்கிய வேறோர் உவமை பொருத்தமாகும். சி. வை. தாமோதரம்பிள்ளை 1887இல் கலித்தொகையைப் பதிப்பித்தார். செல்லரித்த ஏடுகளிலிருந்து பெயர்த்தெழுதி அச்சேற்றிய அந்நூலைப் போலி என்று எவரும் கூறார். பிரதியிலிருந்து பிரதியாக வந்ததே அந்நூலின் உயிர். தாய்மரத்தின் வித்திலிருந்து எழும் கன்றும் அவ்வாறே மரபு அறாதது. மனிதன் அதனை எடுத்துவைத்தமையால் அது போலியாகிவிடாது. ஆயின் இவ்வுவமை மறுபுறமும் வெட்டும். பதிப்பாசிரியர் உளர் என்பதனால் ஏடுகளை அடுப்பிலிட எவருக்கும் உரிமை பிறக்கவில்லை. ஏடு முற்றாக எரிந்திருப்பின் எந்தப் பதிப்பாசிரியராலும் ஆவதொன்றில்லை. மீட்புப் பணி அழியாத காட்டை முன்னிட்டே நிகழ்கின்றது. "பின்னர் நட்டுத் தருவோம்" என்போர் மறைப்பது இதனையே: எதிலிருந்து நடுவர்?

பதிப்பாசிரியருக்குரிய இன்னுமொரு நேர்மை உண்டு. சிதைந்த அடியைத் தாமே புனைந்து நிரப்பாமல் புள்ளியிட்டு விடுவர். சிங்கராஜவில் 25 ஹெக்டயர் நிலத்தை வரையறுத்து, அதில் ஒரு சென்ரிமீற்றர் விட்டமும் அதற்கு மேலும் உள்ள ஒவ்வொரு மரத்தையும் அளந்து இலக்கமிட்டுள்ளனர். இரண்டு இலட்சத்துக்கு மேற்பட்ட தண்டுகள், இருநூற்றுக்கு மேற்பட்ட இனங்கள். மேற்கூறிய பரிசோதனையில் நட்டவை ஒருசில இனங்களே. எனவே அதனைக் காட்டின் பதிப்பு என்பதிலும், சில அடிகளைப் பெயர்த்தெழுதிய ஏடு என்பதே உண்மை. எஞ்சிய இடத்திலே புள்ளிகள் உள்ளன என்பதை அந்த அளவீடே காட்டுகின்றது.

எலியட்டின் நோக்கில் மனிதக் கை படாமையே இயற்கையின் பெருமையிற் பெரும்பங்கு. சிங்கராஜவின் ஓரக் கிராமத்தவருக்கு இது விளங்காது. விளங்க வேண்டுமென்றும் இல்லை. கித்துள் சீவியும், மரமஞ்சளும் ஏலமும் பிரம்பும் எடுத்தும், பெரலிய வித்தை உணவாக்கியும் அவர்கள் இக்காட்டோடு வாழ்ந்தனர். 1970களில் ஒட்டுப்பலகைக்காக இயந்திரங்கொண்டு இக்காட்டை வெட்டியது அரச கூட்டுத்தாபனம். கித்துள் சீவியவன் அல்லன். பொதுமக்களதும் அறிஞரதும் எதிர்ப்பின் பின் 1977இல் அவ்வேலை நின்றது. 1978இல் உயிர்க்கோள ஒதுக்கமும் 1988இல் உலக மரபுரிமையும் ஆகிய பின்னர், காட்டுக்குள் சென்று பொருள் எடுக்கும் வழி சட்டத்தால் அடைக்கப்பட்டது. வெட்டியவர் ஒருவர், விலை கொடுத்தவர் வேறொருவர். காப்பின் நியாயத்தை ஏற்கும் நான், இவ்வேறுபாட்டை நியாயமென ஏற்கவில்லை.

பைன் இடைவெளிகளில் கித்துளும் பிரம்பும் மரமஞ்சளும் ஏலமும் நட்டுப் பார்க்கும் முயற்சிகளும் நடந்துள்ளன. மெய்க்காட்டை மட்டும் வேண்டுவோருக்கு இது கலப்படமாகத் தோன்றலாம். எனக்கு அவ்வாறு தோன்றவில்லை. காட்டை ஒட்டிய பைன் சரிவுகளைப் பெருமரங்களுக்கு விடலாம். கிராமத்தை ஒட்டியவற்றில் கித்துள் முந்தட்டும். எல்லைக்கோட்டை எங்கே இழுப்பது என்பதை மட்டும் கொழும்பிலோ பேராதனையிலோ இருந்து தீர்மானித்தல் ஆகாது. கித்துள் எந்தச் சரிவில் நன்கு ஊறும் என்பதைச் சீவுகின்றவனிடமே கேட்க வேண்டியிருக்கும்.