அமானிதம் பாழானால் எத்தனை வாசல் ஏறுவது?



சென்ற மாதம் ஜும்ஆ முடிந்து பள்ளிவாசல் திண்ணையில் அமர்ந்திருந்தேன். இலங்கையில் உறவினர் உள்ள பெரியவர் ஒருவர் அருகே வந்து, "ஹஜ்ரத்! 2022-ல் அங்கே பால் மாவுக்காகப் பிள்ளைகள் ஏங்கின. ஆள்வோர் செய்த தவறுக்குக் குழந்தைகளுக்கு ஏன் தண்டனை?" என்று கேட்டார்.

அது குழந்தைகளுக்கு வந்த தண்டனை அன்று. ஒருவர் பாவச் சுமையை மற்றவர் தலையில் அல்லாஹுத்தஆலா ஏற்றுவதில்லை. அது ஆள்வோரின் அநீதி. அதனால்தான் அமானிதத்தைப் பாழாக்குவது இத்தனை பெரிய பாவமாயிற்று. ஒருவர் கையெழுத்துப் போடுகிறார். ஊரார் வீட்டு அடுப்பு அணைகிறது!

நடந்ததைப் பாருங்கள். 2019 இறுதியில் அங்கே மதிப்புக் கூட்டு வரி 15 சதவிகிதத்திலிருந்து 8 சதவிகிதமாகக் குறைக்கப்பட்டது, கஜானா வற்றியது. கொரோனா வந்ததும் சுற்றுலா வருமானமும் நின்றது. 2021-ல் இரசாயன உர இறக்குமதி திடீரெனத் தடை செய்யப்பட்டது. விவசாய அறிஞர்கள் எச்சரித்தார்கள், கேட்பாரில்லை. நெல் விளைச்சல் வீழ்ந்தது. 2022 ஏப்ரலில், வெளிநாட்டுக் கடனைத் திருப்பிச் செலுத்த இயலாது என அரசு அறிவித்தது. எரிபொருள் வரிசையில் காத்து நின்ற முதியவர்கள் மாண்டார்கள். காகிதம் இல்லாமல் பள்ளித் தேர்வுகள் தள்ளிப்போயின. அந்த ஆண்டு மே மாதம், அரிசியும் பால் மாவும் மருந்தும் ஏற்றிய கப்பல் நம் சென்னையிலிருந்து கொழும்பு சென்றது.

அறிஞர் சொல்லை ஏற்காத அந்தப் போக்கு உரத்தில் தொடங்கியதன்று. 2020-ல் கொரோனாவில் இறந்தோரை எரித்தே ஆக வேண்டுமென்று உத்தரவு போட்டார்கள். அடக்கம் செய்வதில் தடையில்லை என உலக சுகாதார நிறுவனம் சொல்லியிருந்தும், முஸ்லிம்களின் ஜனாஸாக்கள் எரிக்கப்பட்டன. பிறந்து இருபதே நாளான பச்சிளங்குழந்தையையும் விட்டுவைக்கவில்லை. அப்போது கொழும்பு மயானத்தின் வாயிலில் கபன் துணியை நினைவூட்டும் வெள்ளைத் துணிகளைப் பல மதத்தவரும் வந்து கட்டினார்கள். அவர்களுக்கு அல்லாஹ் நேர்வழியும் நற்கூலியும் அருள்வானாக! ஆயினும் ஊமையாய் இருந்தோர் எத்தனை பேர்! இறந்தவனின் உரிமையைக் கேளாத செவி, உயிரோடிருப்பவனின் பசியையும் கேட்காது என்பதை ஒன்றரை ஆண்டுக்குள் நாடே கண்டுகொண்டது.

2023 நவம்பரில் இலங்கை உச்ச நீதிமன்றம், முன்னாள் ஜனாதிபதி கோத்தாபய ராஜபக்ஷ உள்ளிட்டோர் பொதுமக்கள் தங்கள்மீது வைத்த நம்பிக்கைப் பொறுப்பை மீறினார்கள் எனத் தீர்ப்பளித்தது. நம்பிக்கைப் பொறுப்பு என்றால் என்ன? அமானிதம்தானே! ஜனாஸாக்களை எரித்ததற்காக 2024 ஜூலையில் அன்றைய அமைச்சரவை மன்னிப்புக் கோரியது. நல்லதே. ஆனால் சாம்பல் கபுருக்குத் திரும்புமா?

சகோதரர்களே! தொழுகையில் குறை வைத்தவன் இரவில் எழுந்து அழுதால் அல்லாஹ் மன்னிக்கலாம். ஹக்குல் இபாத், அதாவது அடியார்களின் உரிமை, அப்படியன்று. உரியவரிடம் திருப்பிக் கொடுக்க வேண்டும். இல்லையேல் அவர் மன்னிக்க வேண்டும். ஒரு வீட்டில் திருடியவன் ஒரு வாசலில் போய் நிற்கலாம். இரண்டு கோடி மக்களின் அமானிதத்தைப் பாழாக்கியவன் எத்தனை வாசல் ஏறுவான்?

"அது ஆள்வோர் கணக்கு, நமக்கென்ன?" என்று இருந்துவிடாதீர்கள். ஜகாத் வசூலிக்கச் சென்ற ஒருவர், "இது உங்களுக்கு, இது எனக்கு வந்த அன்பளிப்பு" என்றபோது நாயகம் (ஸல்) அவர்கள் கோபமுற்றார்கள். தாய் தகப்பன் வீட்டில் உட்கார்ந்திருந்தால் அது வந்திருக்குமா என்று கேட்டார்கள். நம் ஊரில் வரிசையில் முந்துவதற்குக் கொடுக்கும் லஞ்சம், பின்னால் நிற்கும் விதவையின் உரிமையல்லவா? ஓட்டுக்கு வாங்கும் பணம் ஹலாலா? அதை வாங்கியவன் நாளை எந்த வாயால் ஆள்வோனைத் தட்டிக் கேட்பான்? பள்ளிவாசல் நிதிக் கணக்கைக் கேட்டால் முகம் சுளிக்கும் முத்தவல்லிக்கும் இதே கேள்விதான்.

இன்றிரவு பிள்ளைகள் சோறுண்ணும்போது, இந்தச் சோறு எந்தப் பணத்தில் வந்தது என்று வீட்டுக்கு வீடு கேட்டுக்கொள்வோம். அடுத்தவர் உரிமை பறிபோகும்போது, அவர் எந்த மதத்தவரானாலும், வாய் திறப்போம்.

அடியார்களின் கடனைச் சுமந்தவர்களாய் நம்மைக் கபுருக்கு அனுப்பாமல் வல்ல ரஹ்மான் காப்பானாக! ஆமீன்.