கார்த்திகைப் பெண்கள் இன்னும் படியோரம் இருக்காங்க



எனக்குச் சொந்த ஊர் மணவூர். ஐடி வேலை. மாசா மாசம் கிருத்திகைக்குத் தணிகை மலை ஏறுவேன். போன கிருத்திகையில நடந்தது இது.

சரவணப் பொய்கையைத் தாண்டி, படியோரம் ஒரு பையன் தனியா உட்கார்ந்திருந்தான். ஏழெட்டு வயசு இருக்கும். கை நீட்டல, அழல. போற வர்றவங்க முகத்தையே பார்த்துட்டிருந்தான். பத்து ரூபாயைப் பக்கத்துல வச்சுட்டு "முருகா"ன்னு ஏறிட்டேன். புண்ணியம் பண்ணிட்ட திருப்தி வேற!

தரிசனம் முடிஞ்சு இறங்கி வந்தா, அவனைச் சுத்தி நாலஞ்சு பேர். பூ விக்கிற அம்மா தெலுங்குல பேசி அவன் பேரைக் கேட்டுட்டாங்க. மொட்டை போட்ட பெரியவர் ஒருத்தர் புளியோதரைப் பொட்டலத்தைப் பிரிச்சு ஊட்டிட்டிருந்தார். ஒரு காலேஜ் பொண்ணு 1098க்கு போன் பண்ணி இடத்தைச் சொல்லிட்டிருந்தா. ஒருத்தருக்கொருத்தர் யாருன்னே தெரியாது. என் பத்து ரூபா மட்டும் தொடாம அப்படியே கிடந்துச்சு.

சுருக்குன்னுச்சு. இன்னைக்கு நான் விரதம் இருக்கிற நாளே யாரோட நாள்?

பொய்கையில தாமரை மேல கிடந்த ஆறு குழந்தைகளுக்குப் பால் கொடுத்தவங்க கார்த்திகைப் பெண்கள் ஆறு பேர். பெத்தவங்க இல்ல. ஆனா அவங்களாலதான் நம்ம அப்பனுக்குக் கார்த்திகேயன்னு பேரு. அவங்க நாள்ல விரதம் இருந்தா முருகன் அருள் கிடைக்கும்னு சிவபெருமானே வரம் கொடுத்தார். அப்போ கிருத்திகைங்கிறது, ஊரான் பிள்ளையைத் தூக்கி எடுத்தவங்களைக் கொண்டாடுற நாள். நான் விரதமும் இருந்துட்டு, அந்தப் பிள்ளையையும் தாண்டிப் போயிருக்கேன்.

உதவி மையத்து ஆளுங்க வர்ற வரைக்கும் நானும் அங்கேயே உட்கார்ந்தேன். கிளம்புறப்போ அவன் பூக்காரம்மா முந்தானையை விடவே இல்ல. அவங்க கண்ணைத் துடைச்சுட்டு, ஒரு முழம் மல்லியை அவன் கையில கொடுத்தாங்க.

தனியா ஒரு குழந்தையைப் பார்த்தா காசு போட்டுட்டு நகராதீங்க. பக்கத்துல உட்காருங்க, 1098க்கு போன் பண்ணுங்க. இலவசம்தான், ராத்திரியிலயும் எடுப்பாங்க. 24 மணி நேரத்துக்குள்ள குழந்தைகள் நலக் குழு முன்னாடி கொண்டு போகணும்னு சட்டமே இருக்கு.

365 படியும் ஏறுங்க. ஆனா படியோரம் பார்த்து ஏறுங்க.

வெற்றிவேல் முருகனுக்கு அரோகரா! 🙏