கொடுத்த கைக்கும் கணக்குண்டு

பசித்தவனுக்கு உணவளிப்பது நன்மை. இதில் எவருக்கும் கருத்து வேறுபாடில்லை. ஆனால், அவ்வுணவைப் பெறுவோரிடையே கொலைகாரனும் கலந்து நின்றால்? நாம் அளிக்கும் அரிசியே அவனுடைய பலமாக மாறுமென்று தெரிந்தால்? அப்போதும் கொடுப்பதா, கையை மூடிக்கொள்வதா?

இது ஏட்டளவில் எழுந்த கேள்வியன்று. பேராசிரியையாக இருந்து, 1991 முதல் 2000 வரை ஐக்கிய நாடுகள் சபையின் அகதிகள் ஆணையராகப் பணியாற்றிய ஜப்பானியப் பெண்மணி சடாகோ ஒகாட்டா (1927-2019) நேருக்கு நேர் சந்தித்த கேள்வியாகும்.

அவர் பதவியேற்று இரண்டு மாதங்கள்கூட நிறையவில்லை. ஈராக்கிலிருந்து குர்து மக்கள் லட்சக்கணக்கில் தப்பியோடினர். ஈரான் 10 லட்சத்துக்கும் மேற்பட்டோரை ஏற்றுக்கொண்டது. துருக்கியோ எல்லையை மூடிவிட்டது. மலைக் குளிரில் மக்கள் மடிந்தனர். 1951ஆம் ஆண்டின் ஒப்பந்தப்படி, தாய்நாட்டின் எல்லையைக் கடந்தவரே அகதி. கடக்க இயலாது நிற்பவருக்கு உதவலாமா என்பதில் அலுவலர்களிடையே கருத்து பிளந்தது. ஈராக்கினுள்ளேயே உதவுவதென அம்மையார் முடிவு செய்தார். மனிதனைக் காக்க எழுந்த சட்டம் மனிதனைக் கைவிடச் சாக்காகலாகாதன்றோ!

1993இல் போஸ்னியாவின் ஸ்ரெப்ரெனிட்சா நகர் முற்றுகையில் தவித்தது. அங்குள்ள முஸ்லிம்களை லாரிகளில் ஏற்றி வெளியேற்றினால், அவர்களை விரட்ட நினைத்தவனின் எண்ணம் ஈடேறும். விட்டுவைத்தால் உயிர் போகும். உயிரே முதன்மையெனக் கொண்டு, ஆயிரக்கணக்கானோரை ஆணையம் வெளியேற்றியது. பழியும் வந்தது.

இவற்றினும் கடுமையானது 1994இல் வந்த சோதனை. ருவாண்டாவில் ஏப்ரல் முதல் ஜூலை வரை சுமார் 8 லட்சம் பேர், பெரும்பாலும் டூட்ஸி இனத்தவர், கொல்லப்பட்டனர். கொன்றவர்களின் ஆட்சி வீழ்ந்தபோது, சில நாட்களுக்குள் ஏறத்தாழ 10 லட்சம் பேர் அன்றைய ஜைர் நாட்டின் கோமா பகுதிக்குள் புகுந்தனர். காலரா பல்லாயிரம் உயிர்களைக் கொண்டுபோயிற்று. முகாம்களிலோ கொலைகாரத் தலைவர்களே அதிகாரம் செலுத்தினர். ஆயுதம் தாங்கியோரைப் பிரித்தெடுக்கப் படை கேட்டபோது, எந்த வல்லரசும் முன்வரவில்லை.

'எல்லைகளற்ற மருத்துவர்கள்' அமைப்பின் பிரெஞ்சுப் பிரிவு, கொடியோருக்குத் துணைபோக மாட்டோமென்று 1994 நவம்பரில் வெளியேறியது. ஒகாட்டா அம்மையார் வெளியேறவில்லை. 1995இல் ஜைர் வீரர்களையே ஊதியம் கொடுத்துக் காவலுக்கு அமர்த்தினார். அது போதவில்லை. 1996இல் போர் அம்முகாம்களையே தாக்கிற்று. லட்சக்கணக்கானோர் நாடு திரும்பினர். காடுகளுக்குள் ஓடி மாண்டவரும் பலர்.

யார் செய்தது சரி? வெளியேறியவரை இரக்கமற்றவர் என்றோ, நின்றவரைக் குற்றத்துக்கு உடந்தை என்றோ எளிதில் தீர்ப்பளிக்க நாம் துணியோம். எனினும் ஒன்று தெளிவு. குற்றவாளியின் பாவத்துக்காகக் குழந்தையின் வாயிலிருந்து கவளத்தைப் பறிக்க நமக்கு உரிமையில்லை. ஆகவே நிற்பதே மேல் என்போம். ஆனால் நிற்பவர், நடப்பதைக் கண்டும் காணாதிருத்தல் கூடாது. அரசியலால் விளைந்த துயரைத் தர்மத்தால் மட்டும் தீர்க்க இயலாது என்று அம்மையார் இடைவிடாது வலியுறுத்தினார். பிரித்தெடுக்கும் வலிமையிருந்தும் வாளாவிருந்த அரசுகளின் பொறுப்பை, சோறிட்டவரின் தலையில் மட்டும் சுமத்துவது நீதியாகாது.

சகோதரர்களே! நாமும் ஜகாத் கொடுக்கிறோம், ஸதகா கொடுக்கிறோம். "நிய்யத் தூய்மையானது, கொடுத்ததோடு நம் கடமை தீர்ந்தது" என்று நிம்மதி கொள்கிறோம். நிய்யத் தூய்மையாக இருக்கவே வேண்டும். ஆயினும், கொடுத்தது விதவையின் அடுப்புக்குப் போயிற்றா, வலியவனின் பெட்டிக்குப் போயிற்றா என்று விசாரிப்பதும் கொடுப்பதன் ஒரு பகுதியே. தவறிச் சேர்ந்தது என அறிந்தால் கொடுப்பதை நிறுத்துவதன்று வழி. கொடுக்கும் முறையைத் திருத்துவதே வழி. கையை மூடிக்கொள்வதும் எளிது, கண்ணை மூடிக்கொண்டு கொடுப்பதும் எளிது. கையையும் கண்ணையும் ஒருங்கே திறந்து வைப்பதே கடினம். அக்கடினத்தை ஏற்க முன்வருவோமாக!