தடி எடுத்தவன் தண்டல்காரனா?

"பக்கத்து வீட்டுக்காரன் மீது போலீசா? பண்பாடா இது?" என்று பதறுகிறார்கள் பெரியவர்கள் சிலர். நான்கடிச் சந்து, அதன் ஓரத்தில் ஒரு சுவர். ஒருவர் எழுப்புகிறார், மற்றவர் ஆள் திரட்டி வந்து இடிக்கிறார். இடிபட்டவர் நீதிமன்றம் சென்று தடையாணை பெறுகிறார். அதுவும் மதிக்கப்படாதபோது, காவலர் பாதுகாப்புக் கேட்கிறார். இவர் அண்டை வீட்டு அன்பைக் கெடுத்தவரா? அறத்தைக் காத்தவரா? ஆய்ந்து பார்ப்போம், தோழர்களே!

வல்லான் வகுத்ததே வாய்க்கால் என்றிருந்த நிலையை மாற்றத்தான் சட்டம் பிறந்தது. 1963ஆம் ஆண்டின் குறித்தவகைத் துயர்தீர்ப்புச் சட்டத்தின் 6ஆம் பிரிவைப் பாருங்கள். சம்மதமின்றி, சட்டவழியுமின்றி இடத்திலிருந்து விரட்டப்பட்டவன், ஆறு மாதத்திற்குள் வழக்கிட்டால், இழந்த அனுபவத்தை மீளப் பெறலாம். விரட்டியவன், "எனக்கே உரிமை" என்று கூறி அந்த வழக்கைத் தடுக்க இயலாது! உரிமை இருப்பினும் உதைக்க உரிமையில்லை. தன் வழக்குக்குத் தானே நீதிபதியாக எவனும் அமரக் கூடாது. இதுவன்றோ அறம்!

ஆனால், ஏட்டிலே உள்ள அறம் வீதிக்கு வருவது எப்படி? காவல் நிலையம் சென்றால், "இது சிவில் விவகாரம், கோர்ட்டுக்குப் போ" என்பர். கோர்ட்டுக்குப் போனால் கிடைப்பது காகிதம். காகிதம் கடப்பாரையைத் தடுக்குமா? ஆணையை மீறுவோனின் சொத்தை முடக்கலாம், மூன்று மாதம் வரை சிறையிலும் வைக்கலாம் என்கிறது 1908ஆம் ஆண்டின் உரிமையியல் நடைமுறைச் சட்டம். சரி, ஆனால் தண்டனை வருவது சுவர் விழுந்த பிறகு! ஆகவேதான், தன் ஆணை நிறைவேறக் காவலரை அனுப்பும் வழக்கம் நீதிமன்றத்தில் ஏற்பட்டது.

"விட்டுக் கொடுத்துப் போகலாமே" என்ற அறிவுரை யாருக்குக் கூறப்படுகிறது? ஆள்பலம் படைத்தவனுக்கா? இல்லை! தனித்து வாழும் பெண்ணுக்கு, ஏழைக்கு, ஊரிலே சொந்தம் இல்லாதவனுக்கு! பலமுள்ளவனுக்கு அடியாள் உண்டு. பலமற்றவனுக்குச் சட்டம் ஒன்றே துணை. அதைக் கேட்பது கோழைத்தனமன்று. தடிக்குப் பதில் தடி எடுக்க மறுக்கும் துணிவு!

எனினும், மறுபக்கமும் உண்டு. பொய்யை மெய்யெனப் புனைந்து, எதிரியின் வாதம் கேட்கப்படுமுன்பே ஆணை பெற்று, காக்கிச் சட்டையின் நிழலில் பிறர் மண்ணிலே சுவர் எழுப்புவோனும் அதே பாதுகாப்பைத்தான் கேட்கிறான். அவனுக்குக் காவலர் துணை நின்றால், வேலியே பயிரை மேய்ந்த கதையன்றோ? நீதிமன்றங்கள் இதை அறியாமலில்லை. 2006ஆம் ஆண்டு, கேரளத்திலிருந்து வந்த முரளிதரன் வழக்கில், சிவில் உரிமைத் தகராறைத் தீர்க்கப் போலீஸ் பாதுகாப்பு மனுவைக் குறுக்குவழியாக்கக் கூடாது. தீர்மானிக்கப்பட்ட உரிமையைக் காக்கவே அது பயன்பட வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் தெளிவுறுத்தியது. எல்லைக் கல் எங்கே என்பதை உரைக்க வேண்டியது நீதிபதி, லத்தி அன்று!

ஆகவே, அளவுகோல் ஒன்று நமக்குத் தேவை. பாதுகாப்புக் கேட்பது, தீர்ப்பு வரும் வரையிலா? தீர்ப்புக்குப் பதிலாகவா? முன்னது நியாயம், பின்னது, வாடகைக்கு எடுத்த வன்முறை.

கேட்பவனுக்குக் கடமையும் உண்டு. தனக்குப் பாதகமான பத்திரத்தையும் மறைக்காமல் நீதிமன்றத்தின் முன் வைக்க வேண்டும். ஆணை அனுமதித்த எல்லைக்கு அப்பால் ஒரு செங்கல்லும் வைக்கலாகாது. மறுதரப்பைக் கேளாமல் தந்த தடையாணை குறித்து 30 நாட்களுக்குள் முடிவு செய்ய நீதிமன்றம் முயல வேண்டும் என்பது சட்டம். வாய்தா மேல் வாய்தா வாங்கி அதை முறியடிக்கலாகாது. நில அளவர் சங்கிலியுடன் வந்தால், கதவைத் திறந்துவிட வேண்டும்.

வாயிலிலே நிற்கும் காவலர் நம் ஆள் அல்லர். எதிர்வீட்டாரின் பகைவரும் அல்லர். இருவருக்கும் பொதுவான ஆணையின் காவலர். அந்த எண்ணம் இரு வீட்டார் நெஞ்சிலும் பதியுமானால், நாளை, காவலர் இல்லாமலே சுவர் நிற்கும்!