கருத்து மாறலாம், கைமாறலாமா?

"மாற்றம் வேண்டும், மாற்றம் வேண்டும் என்று மேடைதோறும் முழங்குகிறீர்களே, ஒரு சட்டமன்ற உறுப்பினர் கட்சி மாறினால் மட்டும் ஏன் சீறுகிறீர்கள்?" தென்காசியின் தேநீர்க் கடைகளில் அரசியல் பேசப்படும்போது நம் தோழர்களை நோக்கி இக்கேள்வி வீசப்படுவதுண்டு. குத்தலாகக் கேட்கப்படும் கேள்விதான். ஆயினும் குப்பையென ஒதுக்கத் தக்கதன்று. பகுத்தறிவாளர் என்று பெயர் பூண்டுவிட்ட நாம், கேள்வி எந்த வாயிலிருந்து வந்தது என்று பாராமல், அதில் என்ன பொருள் இருக்கிறது என்றே பார்த்தல் வேண்டும்.

பொருள் இருக்கத்தான் செய்கிறது. 1925இல் காஞ்சிபுரம் மாநாட்டில் வகுப்புவாரி உரிமைத் தீர்மானத்துக்கு இடமில்லை என்றானதும், பெரியார் காங்கிரசைவிட்டு வெளியேறினார். 1949 செப்டம்பர் 17இல் அண்ணாவும் தோழர்களும் திராவிடர் கழகத்தினின்று பிரிந்து, தி.மு.கழகம் கண்டனர். ஆக, நம் இயக்கத்தின் வரலாறே வெளியேறியவர்களின் வரலாறு! மாறுவது பாவம் என்று சொல்ல உலகில் வேறு யாருக்கேனும் உரிமை இருக்கலாம், நமக்கு இல்லை. நேற்று நம்பியது பொய்யென இன்று தெரிந்தால், இன்றே அதை விடு என்பதன்றோ பகுத்தறிவு?

அப்படியானால் கட்சித் தாவலும் கருத்து மாற்றமும் ஒன்றா? இங்கேதான் நாம் நின்று சிந்திக்க வேண்டும். வகுப்பறையிலே ஒரு மாணவன் கணக்கின் விடையை அடித்துவிட்டு வேறு விடை எழுதுகிறான். "ஏன் மாற்றினாய்?" என்று கேட்டால், "மூன்றாம் அடியில் கழிக்க வேண்டியதைக் கூட்டிவிட்டேன்" என்று காட்டுகிறான். அவனைப் பாராட்டுகிறோம். இன்னொருவனும் விடையை மாற்றியிருக்கிறான். அடியைக் காட்டு என்றால் விழிக்கிறான். பக்கத்துத் தாளைப் பார்க்கிறான். மாற்றியவர் இருவர், சிந்தித்தவன் ஒருவனே. கருத்து மாற்றத்துக்கு அடையாளம் மாற்றம் அன்று. வந்த வழியைக் காட்டும் ஆற்றலே அடையாளம்.

இந்த அளவுகோலைக் கையில் கொண்டு, நம் ஊர்ப் பக்கத்திலேயே நடந்த ஒன்றை அளந்து பார்ப்போம்.

2018 அக்டோபர் மாதம். சாரல் காலத்துக் கூட்டம் கலைந்துபோன குற்றாலத்திலே ஒரு விடுதி மட்டும் களைகட்டியிருந்தது. பதவி பறிக்கப்பட்ட 18 சட்டமன்ற உறுப்பினரிற் பலர், நீதிமன்றத் தீர்ப்பை எதிர்நோக்கி அங்கே தங்கியிருந்தனர். அவர்கள் அனைவரும் 2016இல் அ.இ.அ.தி.மு.க.வின் சின்னத்தில் வென்றவர்கள். அவ்வாண்டு டிசம்பர் 5இல் செல்வி ஜெயலலிதா மறைந்தார். 2017 பிப்ரவரியில், ஆளுங்கட்சி உறுப்பினர்கள் கூவத்தூர் விடுதியிலே தங்கவைக்கப்பட்டனர். பிப்ரவரி 18இல் எடப்பாடி பழனிசாமி அரசு 122 வாக்குகளுடன் நம்பிக்கை பெற்றது, ஓ.பன்னீர்செல்வமும் அவரைச் சார்ந்த பதின்மருமாக 11 பேர் எதிர்த்து வாக்களித்தனர். ஆறு திங்கள் கழித்து, ஆகஸ்ட் 21இல் எதிர்த்தவர் துணை முதலமைச்சரானார். மறுநாளே, டி.டி.வி.தினகரனைச் சார்ந்த 19 பேர், முதலமைச்சர்மீது நம்பிக்கை இல்லை என்று ஆளுநரிடம் கடிதம் கொடுத்தனர். ஒருவர் திரும்பிவிட்டார். எஞ்சிய 18 பேரின் பதவியைச் செப்டம்பர் 18இல் பேரவைத் தலைவர் பறித்தார். 2018 ஜூன் 14இல் உயர்நீதிமன்ற நீதிபதிகள் இருவர் இருவேறு தீர்ப்பளித்தனர். அக்டோபர் 25இல் மூன்றாம் நீதிபதி, பதவி பறித்தது செல்லும் என்றார்.

தோழர்களே, இதில் கவனிக்க வேண்டியது ஒன்று உண்டு. பேரவையில் எழுந்து அரசை எதிர்த்து வாக்களித்த 11 பேருக்குப் பதவி போகவில்லை. 2021இல் பேரவையின் காலம் முடியும்வரை நிலைத்தது. ஆளுநரிடம் கடிதம் மட்டும் கொடுத்தவர்களுக்கு ஒரு திங்களுக்குள் போய்விட்டது! அரசைக் கவிழ்க்க முயன்றவர் அமைச்சரவையில். அதே முயற்சியைப் பின்னர் செய்தவர் அருவிக்கரையில்! 18 இருக்கைகள் காலியானதால் பெரும்பான்மைக்கு வேண்டிய எண்ணிக்கையும் குறைந்தது, அரசும் பிழைத்தது.

இரு திறத்தாரில் யார் நல்லவர் என்பது நம் கேள்வியன்று. கூவத்தூர், குடகு, குற்றாலம் என்று ஊர்தான் மாறியது. விடுதி வாழ்க்கை மாறவில்லை. உண்மையாகவே உள்ளம் மாறியவனுக்கு விடுதி எதற்கு? வாயிலில் காவல் எதற்கு? தான் கண்ட உண்மையை ஊருக்குச் சொல்லத் துடிப்பவன், ஊரைவிட்டு ஒளிவானா? தன் தொகுதியின் சந்தை மைதானத்திலே நின்று, "இன்ன காரணத்தால் மாறுகிறேன்" என்று சொல்ல முடியாத மாற்றம், பக்கத்துத் தாளைப் பார்த்து எழுதிய விடையே!

இந்தச் சதுரங்கத்தில் வெட்டுண்டவர் யார்? 18 பேர் மட்டுமல்லர். சாத்தூர், விளாத்திகுளம், ஒட்டப்பிடாரம் எனத் தென்காசிக்குக் கிழக்கே விரியும் கரிசல் சீமையின் தொகுதிகளும் அப்பட்டியலில் இருந்தன. 2019 மே 23இல் இடைத்தேர்தல் முடிவு வரும்வரை, ஏறத்தாழ 20 திங்கள் அம்மக்களுக்குச் சட்டமன்றத்திலே வாய் இல்லை. இடையில், 2018 மே மாதத்தில், தூத்துக்குடி ஸ்டெர்லைட் எதிர்ப்புப் போராட்டத்தில் காவல்துறையின் துப்பாக்கிச் சூட்டுக்கு 13 பேர் பலியாயினர். அந்த மாவட்டத்தின் ஆறு தொகுதிகளில் விளாத்திகுளமும் ஒட்டப்பிடாரமும் அப்போது காலி! பிணத்தின்முன் நின்று அழவும் கேட்கவும் ஆள் வேண்டிய நேரத்திலே, இரண்டு இருக்கைகள் வெறுமையாய்க் கிடந்தன. கட்சித் தாவலால் வரும் கேடு தலைநகரத்து நாற்காலிகளோடு நிற்பதில்லை என்பதற்கு இதனினும் சான்று வேண்டுமோ?

நோய் புதிதன்று. 1952இல் சென்னை மாகாணச் சட்டமன்றத்தின் 375 இடங்களில் காங்கிரசு பெற்றவை 152. ஆயினும் ஆச்சாரியார் ஆட்சி அமைத்தார். திராவிட நாட்டுக் கோரிக்கையை ஏற்பதாகக் கூறித் தி.மு.க.வின் துணையுடன் தேர்தலில் நின்ற காமன்வீல் கட்சியின் தலைவர் மாணிக்கவேலு நாயக்கர், அவரது அமைச்சரவையில் இடம் பெற்றார்! 1967இல் அரியானாவின் கயா லால் பதினைந்து நாளுக்குள் மும்முறை கட்சி மாறினார். "ஆயா ராம், கயா ராம்" என்ற ஏளன மொழி அவராற் பிறந்தது.

1985இல் சட்டம் வந்தது. ஒருவர் தாவினால் பதவி போகும். மூன்றில் ஒரு பங்கினர் சேர்ந்து தாவினால் அது 'பிளவு', பதவி போகாது! 2003இல் அவ்வழி அடைக்கப்பட்டது. மூன்றில் இரு பங்கினர் சேர்ந்தால் 'இணைப்பு' என்ற வழி இன்னும் திறந்திருக்கிறது. சில்லறைக்குத் தண்டனை, மொத்தத்துக்கு மன்னிப்பு!

சரி, பதவியை விட்டு விலகிவிட்டால் நேர்மை ஆகிவிடுமா? அதையும் பார்த்துவிட்டோம். 2019 ஜூலையில் கருநாடகத்தில் உறுப்பினர் பலர் பதவி விலகல் கடிதம் தந்துவிட்டு மும்பை விடுதியிலே தங்கினர். ஜூலை 23இல் குமாரசாமி அரசு 99க்கு 105 என்று வீழ்ந்தது. பதவி பறிக்கப்பட்டோர் இடைத்தேர்தலில் புதுக் கொடியுடன் நின்றனர். வென்றவரிற் பதின்மர் 2020 பிப்ரவரியில் அமைச்சராயினர். அடுத்து புதுச்சேரி. 2021 தொடக்கத்தில் காங்கிரசு உறுப்பினர் ஐவரும் தி.மு.க. உறுப்பினர் ஒருவரும் ஒருவர்பின் ஒருவராக விலகினர். பிப்ரவரி 22இல் நாராயணசாமி அரசு கவிழ்ந்தது. சில மாதங்களில் வந்த புதிய அமைச்சரவையில் முன்பு விலகியவர்களும் இருந்தனர்.

"மக்களே மீண்டும் வாக்களித்துவிட்டார்களே, இனி உமக்கென்ன?" என்பர். மக்கள் தீர்ப்பு அதிகாரத்தைத் தரும்; அதை மதிக்கிறோம். ஆனால் அது குற்றத்தைக் கழுவும் புனித நீரன்று. ஆயிரம் பேர் கூடிச் சகுனம் பார்த்தாலும் சகுனம் உண்மையாகிவிடாது என்று சொல்லி வந்தவர்கள் நாம். பெரும்பான்மை ஒருவனை அமைச்சனாக்க முடியும், நேர்மையாளனாக்க முடியாது. அதே மக்கள் வேறு விதமாகவும் தீர்ப்பளிப்பர்: 2019 இடைத்தேர்தலில் தமிழ்நாட்டின் 22 தொகுதிகளில் தி.மு.க. 13, அ.இ.அ.தி.மு.க. 9, அந்தப் பதினெண்மர் சார்ந்திருந்த அணிக்கு ஒன்றுமில்லை.

ஆகவே மூன்று கேள்விகளை நாம் கேட்போம். காரணத்தை மாறும் முன்னே வெளிப்படச் சொன்னாயா? மாறியதால் எதை இழந்தாய், எதைப் பெற்றாய்? உன்னை அனுப்பியவர்களிடம் திரும்பிச் சென்றாயா? காங்கிரசை விட்ட பெரியாருக்கு அமைச்சர் பதவி காத்திருக்கவில்லை. ஏச்சும் எதிர்ப்புமே காத்திருந்தன. 1949இல் பிரிந்தோர் கழகச் சொத்தைக் கேட்கவில்லை; தலைவர் நாற்காலியையும் பெரியாருக்கென்றே காலியாக வைத்தனர். மாற்றம் அவர்களிடம் விலை கேட்டது. தாவுவோரிடமோ விலை கொடுக்கிறது. வேறுபாடு இதுவே!

அதற்காக, உறுப்பினர் ஒவ்வொருவரும் தலைமை சொன்னதற்கெல்லாம் தலையாட்டும் பொம்மையாதல் வேண்டும் என்று நாம் சொல்லவில்லை. குருவின் சொல்லே வேதம் என்பதைக் கோயிலில் எதிர்த்துவிட்டுக் கொறடாவின் சொல்லே வேதம் என்று கட்சியில் ஏற்பதா? நம்பிக்கை வாக்கெடுப்பில் மட்டும் கட்டுப்பாடு போதும் என்று 1990இலேயே தினேஷ் கோஸ்வாமி குழு பரிந்துரைத்தது. மற்ற மசோதாக்களில் மனச்சான்றுப்படி பேசட்டும், வாக்களிக்கட்டும். ஆட்சியையே மாற்றும் வாக்கை மாற்ற விரும்பினால், பதவியை மக்களிடம் ஒப்படைத்துவிட்டு, அப்பேரவையின் காலம் முடியும்வரை அமைச்சர் பதவி எதையும் ஏற்காதிருக்கட்டும். விலை இல்லையென்றால் தாவுவோர் எத்தனை பேர் என்று பார்த்துவிடலாம்!

இறுதியாக, கடினமான ஒரு சொல். பதினெண்மரின் தொகுதிகளில் அரவக்குறிச்சியும் தஞ்சாவூரும் உண்டு. வாக்காளருக்குப் பணம் வழங்கப்பட்டதற்காக, 2016 மே மாதத் தேர்தலையே ஆணையம் நீக்கிய தொகுதிகள் அவை. கொடுத்தவர் குற்றவாளி, வாங்கியவர் யார்? வாக்கை விற்றவன், வாங்கியவனைப் பார்த்து "நீ ஏன் விற்றாய்?" என்று கேட்க நா எழுமா? கைமாறிய பொருள் மீண்டும் கைமாறத்தான் செய்யும்.

எனவே, இளைஞர்களே, பணி நம் தெருவிலேயே தொடங்குகிறது. வாக்குக்குப் பணம் வரும் இரவில் கதவைச் சாத்துவோம். வென்றவர் ஊருக்கு வரும் நாளில் அந்த மூன்று கேள்விகளையும் கூசாமல் கேட்போம். அவர் நம் கட்சிக்காரராயினும் கேட்போம். நம் கட்சிக்குத் தாவி வந்தவராயின், மாலையிடும் முன்னரே கேட்போம்!