மறதி தரும் அமைதி

துயரத்தைக் காலம் ஆற்றும் என்பது அனுபவம் கண்ட உண்மை. தனிமனிதனுக்கு மறதி சிலவேளை மருந்தாவதையும் மறுப்பதற்கில்லை. ஆயின், அம்மறதி ஒரு சமுதாயத்தின்மீது மேலிருந்து விதிக்கப்படும்போதும் மருந்தாகவே இருக்குமா? பெருங்கொலைகளின் பின் நிலவும் அமைதியைக் காக்கும்பொருட்டு உண்மையை மூடிவைத்தல் அறமாகுமா? இவ்வினாவை ஒரு மாய மூடுபனியின் வடிவில் முன்வைக்கும் நாவலொன்றைத் துணையாகக் கொண்டு இதனைச் சிறிது ஆராய்வோம்.

யப்பானின் நாகசாக்கியில் 1954இல் பிறந்து, ஐந்து வயதில் இங்கிலாந்துக்குச் சென்று, 2017இல் நொபெல் பரிசு பெற்றவர் கசுவோ இஷிகுரோ. 2015இல் வெளிவந்த அவரது ‘புதையுண்ட இராட்சதன்’ என்னும் ஆங்கில நாவல், ஆதர் மன்னனின் காலத்துக்குப் பிற்பட்ட பிரித்தானியாவைக் கற்பனையாகப் படைக்கிறது. அரக்கரும் வலுசர்ப்பமும் உலவும் அந்நாட்டின்மீது ஒரு மூடுபனி கவிந்துள்ளது. அதன் நடுவில் வாழ்வோருக்கு அண்மைய நிகழ்ச்சிகளும் நினைவில் நிற்பதில்லை. காணாமற்போன சிறுமியொருத்தியைப் பற்றிக் கவலையுற்றோர், இடையில் எழுந்த வேறொரு வாக்குவாதத்தில் அவளையே மறந்துவிடுகின்றனர். அக்சல், பீட்ரிஸ் என்னும் முதிய தம்பதியர் தம் மகனைக் காணப் புறப்படுகின்றனர். அவனுடைய முகமும் அவர்களுக்குத் தெளிவாக நினைவில்லை.

இம்மூடுபனி இயற்கையானதன்று. குவெரிக் என்னும் வலுசர்ப்பத்தின் மூச்சின்மீது மந்திரவாதி மேர்லின் இட்ட மந்திரத்தின் விளைவு அது. பெண்களையும் குழந்தைகளையும் முதியோரையும் தீண்டுவதில்லை என்று சக்சனியருடன் செய்த உடன்படிக்கையை ஆதரின் படைகள் மீறின; ஊர்களிற் புகுந்து பெருங்கொலை புரிந்தன. கொன்றவரின் இனத்தவரும் கொலையுண்டவரின் இனத்தவரும் அயலவராக வாழவேண்டிய நிலையில், பழிக்குப் பழி தொடராதிருக்க மறதி விதிக்கப்பட்டது. முதிய வீரரான கவெயின், வலுசர்ப்பத்தைக் கொல்ல வந்தவர்போற் காட்டிக்கொண்டு, உண்மையில் அதற்குக் காவலாக நிற்கிறார்.

கவெயினின் வாதத்தை இலேசாகத் தள்ளிவிடலாகாது. மூடுபனியின்கீழ் இரு இனத்தாரும் அடுத்தடுத்த ஊர்களிற் சண்டையின்றி வாழ்கின்றனர். உயிரோடிருக்கும் குழந்தையின் பாதுகாப்பு, இறந்தோருக்குரிய நியாயத்திலும் பெரிதல்லவா என்று ஒருவர் கேட்கலாம். நேர்மையான கேள்விதான். ஆயின் விடை கூறுமுன், அம்மறதியை விதித்தவர் யார் என நோக்குதல் வேண்டும். கொலையுண்டோரின் உற்றார் மறந்துவிடத் தீர்மானிக்கவில்லை. கொலைக்குப் பொறுப்பான அரசே மறதிக்கும் ஏற்பாடு செய்தது. மன்னிக்கும் உரிமை இழந்தவருக்கு உரியது. எதனை இழந்தோம் என்பதையே அறியாதவர் எதனை மன்னிப்பார்?

மேலும், அம்மூடுபனி அரசின் குற்றத்தை மட்டும் மறைத்துவிட்டு நிற்கவில்லை. முதிய தம்பதியரின் மகன் கொள்ளைநோயில் இறந்ததையும், பழைய பிணக்கினால் அவனது கல்லறைக்குச் செல்லவிடாது கணவன் மனைவியைத் தடுத்ததையும் அது மறைத்தது. அவர்களுடைய அன்பு அக்காயத்தைத் தாங்கி வளர்ந்ததா, காயத்தை அறியாததால் நிலைத்ததா என்பதை அவர்களாலேயே சொல்ல இயலவில்லை.

கற்பனையை விட்டு வரலாற்றுக்கு வருவோம். ஸ்பெயினின் சர்வாதிகாரி பிராங்கோ 1975இல் இறந்தபின், 1977இல் அங்கு பொதுமன்னிப்புச் சட்டம் நிறைவேறியது. அரசியற் கைதிகளின் விடுதலைக்காக இடதுசாரிகளும் அதனைக் கோரிநின்றனர். ஆயின் அச்சட்டமே பழைய ஆட்சியின் அதிகாரிகள் புரிந்த குற்றங்களுக்கும் திரையாயிற்று. 1936இல் மூண்ட உள்நாட்டுப் போரிற் கொல்லப்பட்டு வீதியோரங்களிற் புதைக்கப்பட்டோர் பலர் அங்கேயே கிடந்தனர். 2000ஆம் ஆண்டில் பிரியரன்சா தெல் பியெர்சோ என்னும் ஊரில் ஒரு குழி தோண்டப்பட்டு, 13 பேரின் எச்சங்கள் வெளிப்பட்டன. பழிவாங்கும் எண்ணம் அதற்குக் காரணமன்று. பாட்டனின் எலும்புகளைத் தேடிய பேரன் ஒருவரின் முயற்சியே காரணம். வரலாற்று நினைவுச் சட்டம் 2007இலேதான் வந்தது.

கி.மு. 403இல் அதென்ஸ் நகரத்தார் வேறொரு வழி கண்டனர். முப்பதின்மரின் கொடுங்கோல் வீழ்ந்தபின், கடந்த தீமைகளை முன்னிட்டு ஒருவர்மீது ஒருவர் பகை பாராட்டுவதில்லை என அவர்கள் சத்தியஞ் செய்தனர். ஆயின் முப்பதின்மர், தம் செயல்களுக்குக் கணக்கு ஒப்புவித்தாலன்றி, அப்பாதுகாப்பைப் பெறமுடியாது. அங்கு மக்கள் எதனைப் பொறுத்துக்கொள்கிறோம் என்பதை அறிந்தே பொறுத்தனர். மூடுபனிக்கும் இச்சத்தியத்துக்கும் உள்ள வேறுபாடு இதுவே.

எனினும், நினைவு திரும்பினாற் போதுமென்று நாம் நின்றுவிட முடியாது. சக்சனிய வீரனான விஸ்டன் கவெயினை வென்று வலுசர்ப்பத்தைக் கொல்கிறான். அதுமட்டுமன்று, தன் மாணவனாகவே வளரும் எட்வின் என்னும் சிறுவனிடம், பிரித்தானியர் அனைவரையும் வெறுப்பதாக வாக்குறுதி பெறுகிறான். ஒரு மன்னனின் குற்றம் இவ்வாறு ஓர் இனத்தின் குற்றமாக்கப்படுகிறது. கட்டளையிட்டவன் தப்பிக்கொள்ள, கட்டளையை அறியாத உழவன் பகைவனாகிறான்.

இங்கு அக்சலின் கதை கருதத்தக்கது. அந்த உடன்படிக்கைக்காக ஊர் ஊராகச் சென்று உழைத்தவன் அவனே. அது மீறப்பட்டபோது ஆதரை நேர்நின்று கண்டித்தவனும் அவனே. மூடுபனி அவனுடைய எதிர்ப்பை அவனுக்கே மறைத்துவிட்டது. விஸ்டனின் வெறுப்பிலும் அவனுக்கு இடமில்லை, அவனும் பிரித்தானியனல்லவா? அநீதியை எதிர்த்து நின்ற மனிதனை மறதியும் அழிக்கிறது, இனவெறுப்பும் அழிக்கிறது. ஆனால் நாளைய ஒற்றுமைக்கு வேராக வேண்டியவன் அவனே.

போர் கண்ட எந்நாட்டிலும் வகுப்பறையில் எட்வின்கள் அமர்ந்திருக்கின்றனர். ஒன்றுமே நடக்கவில்லை என்று அவர்களுக்குச் சொல்லுதல் பொய். அயலவன் அனைவரையும் வெறு என்பது அதனிலும் கொடிய பொய். யார் கட்டளையிட்டனர், அதனால் யார் நலம்பெற்றனர், யார் இறந்தனர், எதிர்த்து நின்றோர் யார் என்பவற்றைப் பெயரோடும் ஆண்டோடும் சொல்லுதலே ஆசிரியரின் கடமை. நாவலின் இறுதிப் பகுதியில் அச்சிறுவன் தன் வாக்குறுதியை நினைக்கிறான். தன்னோடு பரிவாக நடந்த முதியவர்களும் அதில் அடங்குவரா என ஐயுறுகிறான். அவ்வையத்தைக் கேட்டு விடைசொல்ல நாம் அவன் அருகில் இருத்தல் வேண்டும்.