வாக்குமூலம் வாங்கியவர்

மியூனிக் நகரக் கொலைப்பிரிவின் மூத்த ஆய்வாளர் ஸ்டீபன் டெரிக்குக்குத் துப்பாக்கியை வைத்துப் பெரிய வேலை எதுவும் கிடையாது. வசதியான ஒரு வீட்டின் வரவேற்பறைக்குப் போவார், உட்காருவார். கண்ணுக்குக் கீழே தொங்கும் அந்தப் பைகளோடு எதிரில் இருப்பவரைப் பார்த்துக்கொண்டே இருப்பார். அந்தப் பார்வையைத் தாங்க முடியாமல் ஆள் கடைசியில் பேசிவிடுவான். 1974 முதல் 1998 வரை 281 அத்தியாயங்கள் இப்படித்தான் ஓடின. நூற்றுக்கும் மேற்பட்ட நாடுகள் அந்தத் தொடரை வாங்கின. உம்பர்த்தோ எக்கோகூட அதைப் பற்றி எழுதியிருக்கிறார் என்றால் பார்த்துக்கொள்ளுங்கள்.

டெரிக்காக நடித்தவர் ஹோர்ஸ்ட் டாப்பர்ட். 1923இல் வுப்பர்டாலில் பிறந்தவர். போர் முடிந்ததும் ஸ்டெண்டால் நகர நாடக அரங்கில் கணக்கெழுதும் வேலைக்குப் போய், அங்கிருந்து மேடையேறியவர். பிறகு ஊர் ஊராக நாடகம், சினிமாவில் துணை வேடங்கள். 1966இல் பிரிட்டிஷ் ரயில் கொள்ளையை வைத்து எடுத்த தொலைக்காட்சிப் படத்தில் கும்பல் தலைவனாக வந்த பிறகுதான் மக்களுக்கு முகம் பழகியது. டெரிக் கிடைத்தபோது வயது 51. குணச்சித்திர நடிகர்களுக்கு அதிர்ஷ்டம் எப்போதும் கொஞ்சம் லேட்டாகத்தான் வரும்.

2008இல் இறந்தார். 2013இல், போர்க்கால ஆவணங்களில் அவர் பெயர் இருப்பதை ஜோர்க் பெக்கர் என்ற சமூகவியலாளர் வெளியே கொண்டுவந்தார். 1943இல் டாப்பர்ட் வாஃபன் எஸ்எஸ் படையில், 'டோட்டன்கோப்ஃப்' டிவிஷனில் சிப்பாய். 'மண்டையோடு' என்று பொருள்படும் அந்தப் பெயரில் 1939இல் டிவிஷனை அமைத்தபோது, வதைமுகாம் காவலர்களைக் கொண்டுதான் அதை நிரப்பினார்கள். இசட்டிஎஃப் தொலைக்காட்சி இனி மறுஒளிபரப்பு இல்லை என்றது. பவேரியா கொடுத்திருந்த கௌரவக் காவல் ஆணையர் பட்டமும் போனது.

அந்த ஆவணம் சொல்வது அவர் அங்கே இருந்தார் என்பதை மட்டும்தான். என்ன செய்தார் என்று அதில் இல்லை. பத்தொன்பது வயதுப் பையன். அதற்காக 281 அத்தியாயங்களையும் மூடி வைப்பதா? என்னால் ஒத்துக்கொள்ள முடியவில்லை.

இதில் இன்னொரு வேடிக்கை உண்டு. அந்த 281 கதைகளையும் எழுதியவர் ஒரே ஆள், ஹெர்பர்ட் ரைனெக்கர். அவர் நாஜி இளைஞர் பத்திரிகைகளில் வேலை பார்த்தவர், வாஃபன் எஸ்எஸ் பிரச்சாரப் பிரிவிலும் இருந்தவர். அது ரகசியமே இல்லை. இருந்தும் தொடர் ஓடியது. கதை எழுதிய கையின் கறை யாரையும் உறுத்தவில்லை, நடித்த முகத்தில் கறை தெரிந்ததும்தான் பதறினார்கள். இதை நான் அறம் என்று சொல்லமாட்டேன். பயம், அவ்வளவுதான்.

அதற்காக டாப்பர்டை அப்படியே விட்டுவிடலாமா? அதுவும் முடியாது. பதினேழு வயதில் வாஃபன் எஸ்எஸ்ஸில் இருந்ததை குந்தர் கிராஸ் 2006இல் தானே சொன்னார். அறுபது வருஷம் கழித்துச் சொன்னதற்காகத் திட்டு வாங்கினார், ஆனால் திட்டியவர்களுக்கு நேரே நின்று பதில் சொன்னார். டாப்பர்டும் 1998இல் சுயசரிதை எழுதினார். அதன் துணைத் தலைப்பு 'என் இரண்டு வாழ்க்கைகள்'. இந்தப் படைப்பிரிவு அந்த இரண்டிலுமே இல்லை.

நடிகன் தன் பாத்திரத்துக்கு ஜாமீன் இல்லை என்பார்கள். கொலைகாரனாக நடிப்பவன் கொலைகாரன் இல்லையே. சரிதான். ஆனால் டாப்பர்ட் அந்த நல்லவர் பிம்பத்தை நடிப்போடு நிறுத்தவில்லை. நிஜப் போலீஸிடமிருந்து பட்டம் வாங்கிக்கொண்டார். பாத்திரத்தின் மரியாதையைத் தன் பெயரில் வரவு வைத்தவரிடம், அந்தப் பாத்திரம் மற்றவர்களிடம் கேட்ட கேள்வியை நாம் கேட்கக்கூடாதா? அவர் இளமையைவிட, பிற்பாடு வந்த அந்த நீண்ட மௌனம்தான் எனக்கு உறுத்துகிறது. அந்த மௌனத்தில் யாரும் அவருக்கு உத்தரவு போடவில்லை.

என்னைக் கேட்டால் தொடரைத் திரும்பப் போடலாம். ஒவ்வொரு அத்தியாயத்துக்கும் முன்னால் இரண்டே வரி: நடித்தவர் 1943இல் எங்கே இருந்தார், எழுதியவர் எங்கே இருந்தார். அதைப் படித்துவிட்டு, டெரிக் ஒருவன் முன்னால் உட்கார்ந்து அவன் பேசக் காத்திருக்கும் காட்சியைப் பார்க்கட்டும்.